வடக்கே மருதையாறு

குருமூர்த்திக்கு முப்பத்தேழு வயசாகியும் கல்யாணம் ஆகலை. இதை ஒளிச்சுச் சொல்றதுக்கு ஒண்ணும் இல்லை. கீழத்திட்டுல எந்த வூட்டு வாசல்ல நின்னு அவன் பேரைச் சொன்னாலும் முதல்ல இதைத்தான் சொல்லுவாங்க, அப்புறம்தான் போர் போடுற வண்டியில வேலை பார்க்கிறவன்னு சொல்லுவாங்க. பதினாலு இடம் பார்த்தாச்சு. ஒரு இடத்துல மாப்பிள்ளைக்கு டவுன்ல வூடு இல்லைன்னாங்க. ஒரு இடத்துல கவர்மெண்டு வேலை இருக்கான்னு கேட்டாங்க; கேட்ட பொண்ணு பத்தாவது பரீட்சையை ரெண்டு தடவை எழுதினவ. இன்னொரு இடத்துல எல்லாம் பேசி முடிச்சு, வெத்தலை பாக்கு மாத்துற அன்னிக்குக் காலையில போன் பண்ணி, பொண்ணுக்கு வயித்து வலின்னாங்க. ஆறு வருஷம் ஆச்சு, வயித்து வலி இன்னும் சரியாகலை போலிருக்கு.

அப்பா அம்மா இல்லாத புள்ளை. வளர்த்து ஆளாக்கினது பெரியப்பா பாவாடை. எட்டு வூட்டுப் பங்காளிக்கும் அவர்தான் மூத்தவர், எழுபத்தோரு வயசு, சொன்னா சொன்னதுதான். குருமூர்த்தி அவர் பேச்சை ஒரு நாளும் மீறினது கிடையாது. சட்டைத் துணி எடுக்கப் போனாகூட "பெரியப்பாவைக் கேட்டுக்கிட்டு வரேன்"னு கடைக்காரன்கிட்ட சொல்ற ஆளு. முன்னூறு அடி ஆழத்துல என்ன பாறை இருக்குன்னு வண்டி போடுற சத்தத்தை வச்சே சொல்லிடுவான். உன் மனசுல என்னடா இருக்குன்னு கேட்டா தலையைச் சொறிவான்.

இப்படிப்பட்டவனுக்குத்தான் பதினஞ்சாவதா ஒரு இடம் வந்துச்சு. செட்டிகுளத்துல வாக்கப்பட்டிருக்கிற அவன் அக்கா வளர்மதி கொண்டு வந்த இடம். பொண்ணு பேரு ஜெயசுதா, முப்பத்து மூணு வயசு, விக்கிரமங்கலத்துல தையல் கடை வச்சிருக்கா. அப்பா இல்லை. தங்கச்சிங்க ரெண்டு பேரையும் கட்டிக் கொடுத்துட்டு, தனக்குன்னு பார்க்காம விட்டுட்டா. தை மாசம் கடைசி வெள்ளிக்கிழமை செட்டிகுளம் மலைக்கோயில்ல வச்சுப் பார்த்துக்கிட்டாங்க. வளர்மதியும் பொண்ணோட அம்மா கலியம்மாளும் வேணும்னே பிரசாதம் வாங்கப் போயிட்டாங்க. படிக்கட்டுல இவங்க ரெண்டு பேரும் தனியா நின்னாங்க.

"எனக்கு மனசுல வச்சுக்கிட்டுப் பேசத் தெரியாதுங்க," அவதான் ஆரம்பிச்சா. "கடையை நான் விட மாட்டேன். கல்யாணத்துக்கு அப்புறமும் தினம் போயிட்டு வருவேன். ஒங்களுக்குச் சரியா?"

"பெரியப்பாவைக் கேட்டுச் சொல்றேங்க," அப்படின்னான் குருமூர்த்தி.

அவ சிரிச்சுட்டா. கிண்டலுக்குச் சொல்றான்னு நினைச்சுட்டா, பாவம். அவ சிரிச்சதைப் பார்த்து இவனும் சிரிச்சான். இறங்கி வர்றப்ப அவனுக்குக் கால் தரையில பாவலை. பதினாலு இடத்துலயும் ஒரு பொண்ணும் அவனைப் பார்த்துச் சிரிச்சதில்லை. பஸ்ல வர்ற வழியெல்லாம் ஜன்னல் பக்கம் திரும்பிக்கிட்டு, அக்காவுக்குத் தெரியாம தானா சிரிச்சுக்கிட்டே வந்தான்.

அன்னிக்குச் சாயங்காலமே எல்லாம் மண்ணாப் போச்சு.

பாவாடை காபியைக் கையில வச்சுக்கிட்டு எல்லாத்தையும் நல்லாத்தான் கேட்டுக்கிட்டு இருந்தார். தையல் கடையா, இருக்கட்டும். முப்பத்து மூணா, இவனுக்கு மட்டும் என்ன இருபதா, இருக்கட்டும். கடைசியில, "கடை விக்கிரமங்கலம் சரி, வூடு எங்க?"ன்னு கேட்டார்.

"வேலாம்படுகை சித்தப்பா," அப்படின்னு வளர்மதி பதறிப் போய்ச் சொல்லிட்டு, "பெரியப்பா"ன்னு திருத்தினா. அவளுக்கே தெரியும் அது எங்க போய் இடிக்கும்னு.

பாவாடை காபியைக் கீழே வச்சார். "ஆத்துக்கு அக்கரை," அப்படின்னார். அவ்வளவுதான்.

மருதையாறுன்னா கொள்ளிடம் மாதிரி பெரிய மனுஷி இல்லை. பச்சைமலைப் பக்கம் பொறந்து, பெரம்பலூர்ச் சீமையில நாலு ஊரை எட்டிப் பார்த்துட்டு, அரியலூர்ப் பக்கம் இறங்கி, கடைசியில கொள்ளிடத்துல போய் விழுந்துடும். ஐப்பசி, கார்த்திகையில ஆறு. மீதிப் பத்து மாசம் சீமைக்கருவேலங்காடு. ஆனா கொள்ளிடத்துல வெள்ளம் ஏறிட்டா, இதுக்குப் போக வழி இல்லாம எதிரேறித் திரும்பி வந்து ஊருக்குள்ள புகுந்துடும். பிங்கள வருஷத்து ஐப்பசியில அப்படி ஒரு தண்ணி வந்துச்சாம். அக்கரையிலேர்ந்து கல்யாணப் பொண்ணை ஏத்திக்கிட்டு வந்த பரிசல் நடு ஆத்துல கவுந்துடுச்சு. பொண்ணும் போச்சு, கூட வந்த அண்ணனும் போயிட்டான். எட்டு வூட்டுக்காரங்களும் ஈரத் துணியோட அய்யனார் முன்னாடி நின்னு, இனிமே ஆத்துக்கு அக்கரையிலேர்ந்து பொண்ணு எடுக்கிறதில்லைன்னு சூடத்தை அணைச்சு சத்தியம் பண்ணிட்டாங்க. கோயில் முன்னாடி ஒரு கல்லை நட்டு வருஷத்தையும் வெட்டி வச்சிட்டாங்க.

அந்தப் பொண்ணுக்காக அழுதவங்க பண்ணின சத்தியம், அதைக் குத்தம் சொல்ல மாட்டேன். ஆனா இன்னிக்குப் பரிசல் எங்கே இருக்கு? பாலம் இருக்கு. பாலத்து மேல பஸ் போவுது, கரும்பு லாரி போவுது, எட்டு வூட்டு ஆளுங்களும் அக்கரை டாஸ்மாக்குக்கு அந்தப் பாலத்து மேலதான் போறாங்க. பொண்ணு மட்டும் வரக் கூடாது!

குருமூர்த்தி அப்ப ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். வாயில கொழுக்கட்டையை வச்சுக்கிட்டு நின்னான். வளர்மதிதான் கத்தினா, அழுதா, "இவன் கடைசி வரைக்கும் போர் வண்டியோடவே குடும்பம் நடத்தட்டும்"னு சொல்லிட்டுக் கடைசி பஸ்ஸுக்குப் போயிட்டா. அவன் பைக்கை எடுத்துக்கிட்டுப் பாலம் வரைக்கும் போய், கைப்பிடிச் சுவர்ல உட்கார்ந்தான். கீழே சொட்டுத் தண்ணி இல்லை. இந்த வறண்டு போன கருவேலங்காடா நம்ம வாழ்க்கைக்குக் குறுக்கே நிக்குதுன்னு நினைக்க நினைக்க அவனுக்கு அழுகையா வந்துச்சு.

பத்து நாள் கழிச்சு வேலாம்படுகைக்கு வடக்கே ஒரு கொல்லையில போர் போட்டாங்க. இருபதடி தாண்டினதுமே மணல். துளைக்குள்ள மணல் சரிஞ்சு சரிஞ்சு விழுது. சரியாம இருக்க மேல்புறத்துல குழாய் இறக்கணும், அதுக்குக் கேசிங்னு பேரு. கொல்லைக்காரர் சண்டைக்கு வந்துட்டார். "ஊருல எல்லாருக்கும் இருபதடி கேசிங் போதும்னீங்க, எனக்கு மட்டும் அறுபதடியா?" குருமூர்த்தி பதில் சொல்லாம, வண்டி துளைக்குள்ள அடிக்கிற காத்து தூக்கி வெளியே வீசுற மணலைக் கையில அள்ளினான். மணலோட கூழாங்கல்லும் வந்துச்சு, வழவழன்னு, தண்ணி உருட்டின கல்லு.

ஆறு இங்கேர்ந்து ஒன்றரை கிலோமீட்டர் தெக்கால இல்ல ஓடுது? இங்க எப்படி ஆத்து மணல்?

அப்ப அவன் மண்டைக்குள்ள மணி அடிச்ச மாதிரி ஆயிடுச்சு. பன்னெண்டு வருஷமா இந்த வட்டாரத்துல போர் போடுறான். எங்கெங்க கேசிங் சண்டை வந்துச்சுன்னு அவனுக்கு அத்தனையும் ஞாபகம் இருக்கு. அடிக்க வந்தவன் முகம் மறக்குமா? சாயங்காலம் உட்கார்ந்து போன்ல மேப்பை விரிச்சு வச்சு, சண்டை வந்த கொல்லைக்கெல்லாம் ஒரு புள்ளி வச்சான். பத்தொன்பது புள்ளி. மேற்கேர்ந்து வந்து, வேலாம்படுகைக்கு வடக்கால வளைஞ்சு, கிழக்கே இறங்கி இப்ப இருக்கிற ஆத்தோட சேர்ந்துச்சு. ஆறு அந்தக் காலத்துல வேலாம்படுகையைத் தாண்டி வடக்கால ஓடியிருக்கு! அப்ப வேலாம்படுகை இக்கரை. கீழத்திட்டும் இக்கரை. சத்தியம் பண்ணினவங்க சொன்ன அக்கரையே வேற!

ஓடினான் பெரியப்பாகிட்ட. பாவாடை போனைத் தள்ளி வச்சுப் பார்த்தார், கிட்ட வச்சுப் பார்த்தார்.

"மணல் வந்தா ஆறுன்னு அர்த்தமாடா? நம்ம பக்கம் தோண்டினா கல்லுல கிளிஞ்சலும் நத்தையும்தான் வருது. இங்க கடல் இருந்துச்சுன்னு படிச்சவன் சொல்றான். அப்ப கடலுக்கு இக்கரையில பொண்ணு எடுத்துக்கலாமா?"

"பெரியப்பா, இது அப்படி இல்ல..."

"ஆறு ஓடியிருக்கலாம். எப்ப ஓடுச்சு? சத்தியத்துக்கு முன்னாடியே இடம் மாறிடுச்சுன்னா? ஆயிரம் வருஷத்துக்கு முன்னாடி ஓடினதைக் காட்டிப் பொண்ணு எடுக்கறியா? எழுத்துல கொண்டா, பார்க்கலாம்."

குருமூர்த்திக்குக் கோவம் வந்துச்சு. கெழவன் கேட்டதும் நியாயம்தான், அதுதான் எரிச்சலே.

அன்னிக்கு ராத்திரி சாப்பிடறதுக்கு முன்னாடி ஜெயசுதா போன் பண்ணினா. "ஒண்ணும் தகவலே இல்லைங்களே. ஒங்க வூட்டுல என்ன சொல்றாங்க?"

"ஒரு சின்னச் சிக்கல்ங்க. ஆறு சம்பந்தமா. ஒரு ரெக்கார்டு கிடைச்சுட்டா முடிஞ்சுடும்."

"ஆறு சம்பந்தமாவா?" அவளுக்கு ஒண்ணும் புரியலை. "சரிங்க. நான் என்ன பண்ணணும்?"

"நீங்க ஒண்ணும் பண்ண வேணாம். நான் பார்த்துக்கறேன்," அப்படின்னான். பெரிய வீரன் மாதிரி சொல்லிட்டு வச்சுட்டான்.

அடுத்த நாள்லேர்ந்து பழைய கிராம வரைபடத்துக்கு அலைய ஆரம்பிச்சான். எந்த ஆபீஸுன்னு கேட்காதீங்க, எந்த ஆபீஸா இருந்தா என்ன. முதல் தடவை போனப்ப ரெக்கார்டு ரூம் சாவி வச்சிருக்கிறவரு லீவு. ரெண்டாவது தடவை சாவி இருந்துச்சு, கரண்டு இல்லை. மூணாவது தடவை வரைபடமே கிடைச்சுடுச்சு, பிரிச்சுப் பார்த்தா மீன்சுருட்டிப் பக்கத்து ஊரு. "வேலாம்படுகைதானே கேட்டீங்க?"ன்னு அந்த ஆளு இவனையே கேட்கிறான்! நாலாவது தடவை சரியான வரைபடம் வந்துச்சு. வடக்குப் பக்கம் ஆறு இருக்க வேண்டிய இடத்தைக் கரையான் வட்டமா தின்னுட்டு, மீதி ஊரை அப்படியே பத்திரமா விட்டு வச்சிருக்கு. குருமூர்த்தி அந்த ஓட்டையைப் பார்த்துக்கிட்டு அஞ்சு நிமிஷம் நின்னான். இந்த நாசமாப் போன கரையானுக்குத் தின்ன வேற இடமே கிடைக்கலையா? போர் வண்டி முதலாளி வேற, "வேலைக்கு வர்றியா, இல்ல ஆறு ஆராய்ச்சி பண்றியா?"ன்னு போன்ல கத்தறார்.

மாசி போயிடுச்சு. பங்குனி பொறந்துடுச்சு. ஜெயசுதா மறுபடியும் போன் பண்ணினா.

"ஞாயித்துக்கிழமை கடை லீவுங்க. ஒரு நடை வூட்டுக்கு வந்துட்டுப் போறீங்களா? அம்மா கவலைப்படுது. நேர்ல ஒரு வார்த்தை பேசுனா..."

"ஞாயித்துக்கிழமை சென்னைக்குக் கிளம்பறேங்க. அங்க ஒரு நகல் இருக்காம். இப்ப வெறுங்கையோட வந்து என்னத்தைப் பேசறது? முடிச்சுட்டே வந்துடறேன்."

அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தம் இல்லை. "சரிங்க," அப்படின்னா. போனை வச்சுட்டா. இவன் அந்தச் சத்தம் இல்லாததைக் கவனிக்கவே இல்லை. நெட்டுல பஸ் டிக்கெட் போட்டுக்கிட்டு இருந்தான்.

சென்னையில கிடைச்சுடுச்சு. வெள்ளைக்காரன் காலத்து சர்வே, ஓரத்துல 1921ன்னு தெளிவா எழுதியிருந்துச்சு. வேலாம்படுகைக்கு வடக்கால நீலக்கோடு வளைஞ்சு ஓடுது, தெக்கால இன்னிக்கு ஆறு இருக்கிற இடத்துல வெறும் வயக்காடு. குருமூர்த்தியோட பத்தொன்பது புள்ளியும் அந்த நீலக்கோட்டு மேல நூல் பிடிச்ச மாதிரி உட்கார்ந்துச்சு. அவன் அந்த ஆபீஸ் வாசல்ல நின்னு "ஐயோ சாமி"ன்னு வாய்விட்டே சொல்லிட்டான். வாட்ச்மேன் திரும்பிப் பார்த்தார். வரைபடத்தைப் பிளாஸ்டிக் குழாய்க்குள்ள சுருட்டி, பஸ்ல மடியில வச்சுக்கிட்டே தூங்காம வந்து சேர்ந்தான்.

அய்யனார் கோயில்ல பங்காளிங்க கூடினாங்க. எட்டு வூட்டு ஆளும் வந்திருந்தாங்க. பாவாடை கல்லுல வெட்டியிருந்ததைத் துண்டால துடைச்சார். பிங்கள வருஷம் ஐப்பசி மாசம்.

"பிங்கள அறுபது வருஷத்துக்கு ஒரு தடவை வரும். இது எந்தப் பிங்கள?" ஒருத்தர் கேட்டார்.

"கடைசியா எழுபத்தேழுல வந்துச்சு. அப்ப நான் மீசையை முறுக்கிக்கிட்டு நின்னேன். அப்படி ஒண்ணு நடந்திருந்தா எனக்குத் தெரியாதா?" பாவாடை விரலை மடக்கினார். "அதுக்கு முந்தினது பதினேழு. எங்க அப்பாரு அப்ப கைக்குழந்தை, அவங்க அம்மா ஈரப் புடவையோட தூக்கிக்கிட்டு நின்னாங்கன்னு சொல்லியிருக்கார். அப்ப பதினேழுதான்."

"பதினேழுல சத்தியம்," குருமூர்த்தி வரைபடத்தைக் கல்லு மேல விரிச்சான். "இருபத்தொண்ணுல ஆறு இன்னும் வடக்கால ஓடுது, பாருங்க. அப்புறம் இருபத்தி நாலுல பெரிய வெள்ளம். கொள்ளிடம் எதிரேறி வந்து, ஆறு வயக்காட்டை அறுத்துக்கிட்டு நேரா தெக்கால இறங்கிடுச்சு. அதுக்கப்புறம் பொறந்தவங்க எல்லாம் வேலாம்படுகையை அக்கரைன்னே நினைச்சுட்டோம். சத்தியம் பண்ணினவங்களுக்கு அது இக்கரை பெரியப்பா."

பாவாடை குனிஞ்சு, நீலக்கோட்டு மேல விரலை வச்சு மேற்கேர்ந்து கிழக்கு வரைக்கும் இழுத்தார். மறுபடியும் இழுத்தார். நிமிர்ந்தப்ப அவர் முகமே மாறிப் போயிருந்துச்சு.

"நூறு வருஷமா ஒரு ஊரையே தள்ளி வச்சிருக்கோமேடா, தப்பா!" அப்படின்னார். "நம்ம புள்ளை இல்லைன்னா இது யாருக்குத் தெரிஞ்சிருக்கும்? போ, நாளைக்கே போய்ச் சொல்லு. பின்னாடியே நாங்க தட்டு தூக்கிக்கிட்டு வரோம்."

எட்டு வூட்டு ஆளும் கை தட்டினாங்க. குருமூர்த்தி வாழ்க்கையில முதல் தடவையா அவனுக்குக் கை தட்டினாங்க.

மறுநாள் ஞாயித்துக்கிழமை. புதுச் சட்டை போட்டுக்கிட்டு, குழாயைப் பைக் முன்னாடி கட்டிக்கிட்டு, பாலத்தைத் தாண்டிப் போனான். வேலாம்படுகை போய்ச் சேர பன்னெண்டு நிமிஷம் ஆச்சு. பன்னெண்டே நிமிஷம்! அதுவும் வழியில ஆட்டு மந்தைக்கு நின்னதைச் சேர்த்து.

கலியம்மாள் தண்ணி கொண்டு வந்து கொடுத்தா. "வாங்க தம்பி," அப்படின்னா, ஆனா முகத்துல சிரிப்பு இல்லை. ஜெயசுதா கூடத்துல ஜாக்கெட்டுக்குக் கொக்கி வச்சுக்கிட்டு இருந்தா. எழுந்து நின்னா.

"ஜெயிச்சாச்சு அத்தை," அப்படின்னான் குருமூர்த்தி, கேட்காமலே அத்தைன்னுட்டான். வரைபடத்தைக் கூடத்துல தரையில விரிச்சு, சுருட்டிக்காம இருக்க ரெண்டு ஓரத்துலயும் சொம்பும் கத்திரிக்கோலும் வச்சான். ஆரம்பிச்சான் பாருங்க. பிங்கள வருஷம், பரிசல், சத்தியம், கேசிங் சண்டை, பத்தொன்பது புள்ளி, கரையான், சென்னை. அரை மணி நேரம் பேசினான். முப்பத்தேழு வருஷத்துல அவன் ஒரே மூச்சுல அவ்வளவு பேசினது அன்னிக்குத்தான். கடைசியில, "ஆக, ஒங்க ஊரு இக்கரைதாங்க. இனி ஒரு தடையும் இல்லை," அப்படின்னு முடிச்சுட்டு முகத்தைத் துடைச்சுக்கிட்டான்.

அவ உள்ளே போனா. பீரோ திறக்கிற சத்தம் கேட்டுச்சு. ஒரு பழைய பத்திரத்தைக் கொண்டு வந்து வரைபடத்து மேல வச்சா. மடிப்பு மடிப்பா இத்துப் போனது, தலையில வெள்ளைக்கார ராசா முத்திரை.

"எங்க பாட்டனோட அப்பா வாங்கின கொல்லை. இதோ, இந்த வூடு இருக்கிற இடம்தான். நாலெல்லை போட்டிருக்கு, படிங்க."

குருமூர்த்தி குனிஞ்சு படிச்சான். பிங்கள வருஷம் மாசி மாசம். கிழக்கே வண்டிப்பாதை. தெற்கே புன்செய். மேற்கே வரப்பு. வடக்கே மருதையாறு.

"அட!" அவன் துள்ளிட்டான். "அதே வருஷம்! சத்தியம் ஐப்பசி, இது மாசி, நாலு மாசம்கூட இல்லை! இதை முதல்லயே காட்டியிருந்தா ஒரே நாள்ல முடிஞ்சிருக்குமேங்க! நான் ரெண்டு மாசமா நாயா அலைஞ்சேன். ஏங்க சொல்லலை?"

"நீங்க கேட்கலைங்க."

"இல்ல, நான்..."

"நான் என்ன பண்ணணும்னு கேட்டேன். ஒண்ணும் பண்ண வேணாம்னீங்க." அவ சத்தம் போடலை, அதுதான் அவனுக்குப் பயமா இருந்துச்சு. "ஒரு நடை வாங்கன்னு கூப்பிட்டேன், சென்னைக்குப் போறேன்னீங்க. சத்தியம்னு ஒண்ணு இருக்கிறதே இன்னிக்குத்தான் எனக்குத் தெரியும். பொண்ணு நான். என்னால வேணாம்னு நிக்குதா, எங்க ஊரால வேணாம்னு நிக்குதான்னு தெரியாம ரெண்டு மாசம் உட்கார்ந்திருந்தேன். கடைக்கு வர்றவங்க ஒவ்வொருத்தரும் 'என்ன சுதா, முடிஞ்சுதா'ன்னு கேட்டாங்க. என்னன்னு சொல்றது நான்?"

"நல்லபடியா முடிச்சுட்டுச் சொல்லலாம்னுதாங்க..."

"முடியலைன்னா? வரைபடத்துல ஆறு தெக்காலயே இருந்திருந்தா என்ன பண்ணியிருப்பீங்க?"

குருமூர்த்தி வாயைத் திறந்தான். அவனுக்கு ரெண்டு மாசத்துல இந்தக் கேள்வி ஒரு தடவைகூடத் தோணினது இல்லை. அவ காத்துக்கிட்டு இருந்தா. நேரா ஒரு பதில், அவ கேட்டது அவ்வளவுதான். அவன் தரையில இருந்த நீலக்கோட்டையே பார்த்துக்கிட்டு நின்னான், அதுல எழுதியிருக்கும்ங்கிற மாதிரி.

"ஆத்தையே ஒன்றரை கிலோமீட்டர் நகர்த்தி வச்சுட்டீங்க," ஜெயசுதா சொன்னா. "நீங்க ஒரு அடி நகர்ந்து வரலை. நாளைக்கு ஒங்க வூட்டுல எனக்கு உடம்புக்கு முடியாமப் போனாலும், ஆஸ்பத்திரிக்குத் தூக்கிட்டுப் போறதுக்கு முன்னாடி ரெக்கார்டுதான் தேடுவீங்க. வேணாங்க. எனக்குப் பயமா இருக்கு."

கலியம்மாள், "சுதா"ன்னு ஒரு தடவை கூப்பிட்டா. அவ திரும்பலை. கண்ணு கலங்கியிருந்துச்சு, ஆனா பத்திரத்தை நிதானமா மடிச்சு எடுத்துக்கிட்டா. சொம்பையும் கத்திரிக்கோலையும் அவளே எடுத்து ஓரமா வச்சா. வரைபடம் தானா சுருட்டிக்கிச்சு.

எப்படி வெளியே வந்தான், எப்படிப் பைக்கை எடுத்தான்னு அவனுக்கே தெரியாது. பாலத்துல வர்றப்ப அவனுக்கு எல்லார் மேலயும் கோவம் கோவமா வந்துச்சு. பெரியப்பா மேல, கரையான் மேல, நூறு வருஷத்துக்கு முன்னாடி சூடம் அணைச்சவங்க மேல, ஊரு விட்டு ஊரு புரண்டு படுத்த இந்த ஆத்து மேல. நடுப் பாலத்துல வண்டியை நிறுத்தி, "உன்னாலதாண்டி!"ன்னு கீழே பார்த்துக் கத்தினான். கருவேலங்காட்டுல மேய்ஞ்சுக்கிட்டிருந்த ஆடு ஒண்ணு தலையைத் தூக்கிப் பார்த்துச்சு. ஆத்து மேல போட்ட பழி அவனுக்கே ஒட்டலை.

கீழத்திட்டு டீக்கடையில கூட்டம். நடுவுல பாவாடை உட்கார்ந்துக்கிட்டு, பெஞ்சு மேல டீயைத் தொட்டுக் கோடு கோடா இழுத்து, ஆறு எப்படி வளைஞ்சு ஓடுச்சுன்னு வெளியூர் ஆளுங்களுக்குப் பாடம் நடத்திக்கிட்டு இருந்தார். குருமூர்த்தியைப் பார்த்ததும் எழுந்துட்டார்.

"வந்துட்டான் பாரு! இவன்தான் எங்க புள்ளை! என்னடா, பொண்ணு வூட்டுல என்ன சொன்னாங்க? வளர்மதிக்குப் போன் பண்ணிட்டேன், தட்டு வாங்க ஆள் அனுப்பிட்டேன். எப்ப வரலாம்னாங்க?"

கடை முழுக்க அவன் வாயைப் பார்த்துச்சு. அவன் கையில வரைபடக் குழாயை இறுக்கிப் பிடிச்சுக்கிட்டு நின்னான். ரெண்டு மாசமா, இல்லை, முப்பத்தேழு வருஷமா உள்ளேயே கிடந்தது அப்பத்தான் மேல வந்துச்சு.

"எனக்கு அவளைப் பிடிச்சிருக்கு பெரியப்பா. ஆறு எந்தப் பக்கம் ஓடினாலும் எனக்கு அவதான் வேணும்."

சொல்றப்பவே அழுதுட்டான். பாவாடை டீ ஈரம் பட்ட விரலோட அப்படியே நின்னார். ஒண்ணும் விளங்காம அவன் முகத்தையே பார்த்தார்.

"அதை எங்கிட்ட வந்து ஏன்டா சொல்றே?" அப்படின்னார்.